கிழவன் குமரனானான்

நேயர்களுக்கு வணக்கம். தலைப்பைக் கேட்டதும் ஏதோ லேகிய விளம்பரம் என்று நினைத்துவிடாதீர்கள். இது ஒரு செடியின் பெயர். கடலுக்கு அடியில் இருக்கிற முட்செடி. தின்றால் முதுமை போய் இளமை திரும்பும். பெயரே ஒரு முழு வாக்கியம்: ‘கிழவன் குமரனானான்’.

இது வருவது கில்கமேஷ் காவியத்தில். இன்றைய ஈராக்கில், நினிவே நகரத்து மண்மேட்டில் கிடைத்த களிமண் பலகைகளில், பதினோராவது பலகை. 1872இல் லண்டனில் ஜார்ஜ் ஸ்மித் என்பவர் அந்தப் பலகையில் இருந்த பெருவெள்ளக் கதையைப் படித்துச் சொன்னார். ஊரெல்லாம் அதையே பேசியது. எனக்கென்னவோ வெள்ளக் கதை முடிந்த பிறகு வருகிற பகுதிதான் பிடிக்கும்.

உருக் நகரத்து அரசன் கில்கமேஷ். உயிர்த் தோழன் எங்கிடு செத்துப்போனதைப் பார்த்தவன். நமக்கும் இதுதானா கதி என்று பயந்து, சாகாவரம் பெற்ற உத்னபிஷ்டிமைத் தேடி உலகத்தின் கோடிக்கே போகிறான். பெரியவர் ஒரு சோதனை வைக்கிறார்: “ஆறு பகல், ஏழு இரவு தூங்காமல் இரு, பார்க்கலாம்.” நம்மாள் உட்கார்ந்த இடத்திலேயே தூங்கிவிடுகிறான்.

எழுப்பினால், இப்போதுதானே கண்ணயர்ந்தேன் என்று சாதிப்பான் என்பது பெரியவருக்குத் தெரியும். அதனால் மனைவியிடம் தினம் ஒரு ரொட்டி சுட்டு அவன் தலைமாட்டில் வைக்கச் சொல்கிறார். கண் விழித்தவன் அப்படியேதான் சாதிக்கிறான். “ரொட்டியை எண்ணிப் பார்” என்கிறார் பெரியவர். முதல் ரொட்டி காய்ந்து வறண்டிருக்கிறது. இரண்டாவது தோல்போல் ஆகிவிட்டது. மூன்றாவது சொதசொத. நாலாவது வெள்ளை பூத்திருக்கிறது, ஐந்தாவது நரைத்துவிட்டது. ஆறாவது அன்று சுட்டது. ஏழாவது இன்னும் தணல்மேல் கிடக்கிறது. காலத்தைக் கண்ணுக்குக் காட்ட இதைவிட நல்ல கடிகாரத்தை நான் கண்டதில்லை.

சரி, தோற்றவனை வெறுங்கையோடு அனுப்பலாமா? பெரியவரின் மனைவிக்கு மனம் கேட்கவில்லை. அவள் சொல்லித்தான் செடியின் ரகசியம் வெளியே வருகிறது. கில்கமேஷ் காலில் பாரமான கற்களைக் கட்டிக்கொண்டு ஆழத்தில் இறங்குகிறான். பாரசீக வளைகுடாவிலும் நம் மன்னார் வளைகுடாவிலும் முத்துக் குளித்தவர்கள் கல்லின் உதவியோடு இறங்கியதும் இதே முறையில்தான். அவர்களுக்குக் கயிறு பிடிக்கப் படகில் ஆள் இருந்தது. இவன் முள் குத்தக் குத்தச் செடியைப் பிடுங்கி, கற்களை அறுத்துவிடுகிறான். கடலே கரையில் கொண்டுவந்து வீசுகிறது.

கடலடித் தாவரத்துக்கு ஆயுளைப் பொருத்திய அந்தப் புலவர் ஒன்றும் வெறுங்கனவு காணவில்லை என்று சில சமயம் தோன்றும். மேற்கு ஆஸ்திரேலியாவின் ஷார்க் விரிகுடாவில் 180 கிலோமீட்டர் பரந்து கிடக்கும் கடற்புல் முழுக்க ஒரே செடிதான் என்று 2022இல் ஆய்வாளர்கள் அறிவித்தார்கள். வயது ஏறத்தாழ 4,500 ஆண்டு. இந்தக் காவியத்தைவிட மூத்தது.

கைக்கு வந்த செடியை உடனே தின்னவேண்டியதுதானே? தின்னவில்லை. ஊருக்குக் கொண்டுபோய் முதலில் ஒரு கிழவனுக்குக் கொடுத்துச் சோதிப்பேன், அப்புறம் நான் தின்பேன் என்கிறான் படகோட்டி உர்ஷனபியிடம். நமக்கு அதியமானின் நெல்லிக்கனி ஞாபகம் வரும். அவன் ஔவைக்குக் கொடுத்தது அன்பினால். இவனுடையது, என்னைக் கேட்டால், சந்தேகம்.

வழியில் குளிர்ந்த நீர் நிறைந்த ஒரு குளம். குளிக்க இறங்குகிறான். செடியின் வாசனை பிடித்து ஒரு பாம்பு சத்தமில்லாமல் வந்து அதைக் கவ்விக்கொண்டு போகிறது. போகும்போதே சட்டையை உரித்துப் போட்டுவிட்டுப் போகிறது.

சிறுவயதில் வைக்கோற்போர் ஓரத்தில் கிடக்கும் பாம்புச் சட்டையைக் குச்சியால் தூக்கிப் பார்த்திருக்கிறேன். கண்ணை மூடியிருந்த சின்ன வட்டம்கூடக் கண்ணாடிபோல் அதில் அப்படியே இருக்கும். உள்ளே இருந்தது மட்டும் புதிதாகி எங்கோ போயிருக்கும். கில்கமேஷ் கேட்ட சோதனை நடந்துவிட்டது, நேயர்களே. செடி வேலை செய்கிறது! கிழவனுக்குப் பதில் பாம்பு.

அவன் உட்கார்ந்து அழுகிறான். திரும்பப் போய்ப் பிடுங்கவும் வழியில்லை. கடல் பொங்கி அந்த இடத்தை மூடிக்கொண்டது, படகையும் கரையிலேயே விட்டு வந்தாயிற்று. இருவரும் நடந்து உருக் வந்து சேர்கிறார்கள். செடியைப் பற்றி அதன்பின் ஒரு பேச்சில்லை. உர்ஷனபி, இந்த மதில்மேல் ஏறி நடந்து பார், அடித்தளத்தைப் பார், செங்கல்லைப் பார், எல்லாம் சூளையில் சுட்டதுதானே என்று கேட்கிறான் கில்கமேஷ்.