இருபது வருஷத்தைக் கட்டுவது எப்படி?

எல்லோருக்கும் வணக்கம்.

சினிமா செட் என்றதும் பலருக்கு அரண்மனையும் தூணும் சரவிளக்கும்தான் ஞாபகத்துக்கு வரும். அதெல்லாம் பணமும் நல்ல தச்சர்களும் இருந்தால் நடக்கிற காரியம். படத்தின் மொத்தத் தோற்றத்தையும் வடிவமைக்கிற புரொடக்‌ஷன் டிசைனருக்கு உண்மையில் வியர்த்துக் கொட்டுவது, ஒரு குடும்பம் இருபது வருஷம் குடியிருந்த சாதாரண அறையை உண்டாக்கும்போதுதான். அந்த இருபது வருஷம் சில வாரங்களில் தயாராக வேண்டும்.

பிளைவுட் சுவர் நிற்கிறது, பெயின்ட் காய்ந்துவிட்டது. சரி, இனிமேல்தான் வேலையே. சுவிட்சைச் சுற்றிக் கை பட்ட கறை வேண்டும். நாற்காலிக் கைப்பிடியில் வார்னிஷ் தேய்ந்திருக்க வேண்டும். எந்தக் கைப்பிடியில் அதிகம் என்பது, உட்கார்கிறவர் எந்தப் பக்கம் சாய்கிற ஆள் என்பதைப் பொறுத்தது. வெயில் படுகிற சுவர் வெளுத்திருக்கும். அதில் வெகுகாலம் மாட்டியிருந்த படத்தைக் கழற்றினால், அந்தச் சதுரம் மட்டும் பழைய நிறத்திலேயே நிற்கும். வீட்டிலிருந்து யாரோ போய்விட்டார்கள் என்பதற்கு வசனமே தேவையில்லை.

பிரஷ் கிடைத்ததென்று எல்லா இடத்திலும் ஒரே மாதிரி அழுக்கடித்து வைப்பவர்களும் உண்டு. என்னைக் கேட்டால் அது பழைய வீடு இல்லை, அழுக்கான புது வீடு. அழுக்குக்கும் ஒரு காரணம் வேண்டாமா?

வெள்ளைத் துணி தனித் தொல்லை. பளிச்சென்ற வெள்ளை கேமராவில் கண்ணைப் பறிக்கும். அதனால் திரைச்சீலையையும் விரிப்பையும் தேயிலைத் தண்ணீரில் முக்கி எடுப்பது பழைய கைவேலை.

வரைபடம், மாதிரி, பட்ஜெட், ஒளிப்பதிவாளரோடு வாக்குவாதம் எல்லாம் இருக்கவே இருக்கிறது. கேமரா பின்னால் போக இடம் வேண்டுமே என்று ஒன்றிரண்டு சுவர்களைக் கழற்றி மாட்டுகிற மாதிரிதான் கட்டுவார்கள்.

‘புரொடக்‌ஷன் டிசைனர்’ என்ற பதவிப் பெயர் நிலைத்தது 1939-ல் வந்த ‘கான் வித் தி விண்ட்’ என்ற ஹாலிவுட் படத்தால். முழுப் படத்தின் தோற்றத்தையும் முன்கூட்டியே காட்சி காட்சியாக வரையவைத்த வில்லியம் கேமரூன் மென்சீஸுக்குத் தயாரிப்பாளர் செல்ஸ்னிக் கொடுத்த பெயர் அது. அதில் அட்லாண்டா நகரம் எரிகிறதே, அப்போது எரிந்தது ஸ்டூடியோவில் கிடந்த பழைய செட்கள். வேறு படங்களில் சுவராக நின்றவை, கடைசியாக நெருப்பாகவும் நடித்துவிட்டுப் போயின!

இன்னொன்று சொல்லி முடிக்கிறேன். 1964-ல் வந்த, அணுகுண்டுப் போரைப் பற்றிய ‘டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்’ படத்துக்குப் புரொடக்‌ஷன் டிசைனர் கென் ஆடம் ஒரு போர் ஆலோசனை அறை கட்டினார். நடுவில் பெரிய வட்ட மேஜை. அதற்குச் சீட்டாட்ட மேஜை மாதிரி பச்சைத் துணி போர்த்த வேண்டும் என்றார் இயக்குநர் குப்ரிக், போர்த்தினார்கள். படமோ கறுப்பு வெள்ளை. பார்க்கிறவருக்குப் பச்சை தெரியப்போவதே இல்லை. அந்த மேஜையைச் சுற்றி உட்கார்ந்த நடிகர்களுக்குத் தெரிந்தது: தாங்கள் உலகத்தையே பணயம் வைத்துச் சீட்டாடிக்கொண்டிருக்கிறோம் என்று.