வங்காளத்து வீடுகளைக் கட்டிய காஷ்மீர்க்காரர்

நேயர்களுக்கு வணக்கம். கலை இயக்குநர் என்றதும் நம் நினைவுக்கு வருவது தர்பார் மண்டபமும் பாட்டுக்குப் போடும் கண்ணாடி மாளிகையும்தான். இன்று நான் பேசப்போகிறவரின் செட்டுகளில் பலவும் செட் என்றே ஜனங்களுக்குத் தெரியாது. பன்சி சந்திரகுப்தா என்று பெயர். சத்யஜித் ராய் படங்களின் கலை இயக்குநர்.

1924இல் சியால்கோட்டில் பிறந்து, ஸ்ரீநகரில் வளர்ந்தவர். ஓவியராகும் ஆசையோடு கல்கத்தாவுக்கு வந்தார். அங்கே கடைசியில் சினிமா பிடித்துக்கொண்டது. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' படத்துக்காக வங்காளம் வந்தபோது, அதன் கலை இயக்குநர் யூஜின் லூரியேயிடம் உதவியாளராகச் சேர்ந்தார். தொழில் படித்தது அங்கேதான் என்று சொல்லலாம்.

அப்புறம் ராயின் 'பதேர் பாஞ்சாலி', 1955. கல்கத்தாவுக்குப் பக்கத்தில் போரால் கிராமத்தில் பாழடைந்த வீடு ஒன்றைப் பிடித்து எடுத்தார்கள். இரவு நேரத்து உட்புறக் காட்சிகள் மட்டும் ஸ்டுடியோவில். எது அசல் வீடு, எது செட் என்று படத்தில் கண்டுபிடித்துப் பாருங்கள். எனக்கு இன்னமும் பிடிபடவில்லை.

நானும் கோடம்பாக்கத்தில் செட் வேலை பார்த்தவன் என்பதால் ஒன்று சொல்கிறேன். பிளைவுட் அடித்து, பிளாஸ்டர் பூசி, சுண்ணாம்பு அடித்தால் சுவர் வந்துவிடும். ஆனால் அது நேற்றுப் பிறந்த சுவர். அதற்கு வயசு ஏற்றுவதுதான் பாடு. விளக்கு மாடத்துக்கு மேலே கரி ஏற வேண்டும். தாழ்ப்பாள் பக்கம் கை பட்டுப்பட்டு எண்ணெய்ப் பிசுக்கு தெரிய வேண்டும். தண்ணீர் புழங்கும் மூலையில் முழங்கால் உயரத்துக்குப் பாசி. டீ டிகாஷன் தெளிப்போம், புகை போடுவோம். கொஞ்சம் கூடிவிட்டால் நாடக மேடை மாதிரி ஆகிவிடும். அந்த அளவு பன்சியின் கைக்குத் தெரிந்திருந்தது.

அடுத்த ஆண்டு வந்தது 'அபராஜிதோ'. கதைப்படி 'பதேர் பாஞ்சாலி'யில் வந்த குடும்பம் இப்போது காசியில் ஒரு பழைய வீட்டில் குடியிருக்கிறது. நடுவில் திறந்த முற்றம். அதைத் திறந்த வெளியில் கட்டுவதாகத்தான் யோசனை. மழைக்காலம் நெருங்கியது. பயந்துபோய் பன்சி அதைக் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் கட்டிவிட்டார். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவுக்கு இதில் சம்மதமில்லை. முற்றத்தில் விழுவது வானத்து வெளிச்சம். அதற்கு அழுத்தமான நிழல் கிடையாது. ஸ்டுடியோ விளக்கை நேராகப் போட்டால் ஒவ்வொரு விளக்குக்கும் ஒரு நிழல் விழும். ராயிடமும் பன்சியிடமும் வாதாடிப் பார்த்தார், நடக்கவில்லை. சரி என்று முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டினார். விளக்குகளைக் கீழிருந்து துணியின் மேல் அடித்து, திரும்பி வரும் வெளிச்சத்தில் படம் பிடித்தார். காசியின் வானம் ஸ்டுடியோவுக்குள் வந்துவிட்டது. பெயர் மித்ராவுக்குப் போனது, நியாயம்தான். ஆனால் அந்தச் சுவர்கள் பொய்யாக நின்றிருந்தால் எந்த வெளிச்சமும் காப்பாற்றியிருக்காது.

1958இல் 'ஜல்சாகர்'. வெளிப்புறத்துக்கு முர்ஷிதாபாத் பக்கம் நிம்திதா அரண்மனை கிடைத்தது. கதையின் உயிரான சங்கீத மண்டபத்தை மட்டும் பன்சி ஸ்டுடியோவில் கட்டிக்கொடுத்தார். 'சாருலதா'வின் வீடும் செட்தான். 'நாயக்' படத்தில் ஓடும் ரயில் பெட்டியும் அப்படியே. ரயில் செட்டில் ஒரு சங்கடம் உண்டு: அது எல்லாரும் ஏறி உட்கார்ந்து பார்த்த இடம். அரண்மனையில் தப்பு செய்தால் யாருக்கும் தெரியாது. ஜன்னல் கம்பியில் தப்பு செய்தால் டிக்கெட் வாங்கின எல்லாருக்கும் தெரியும்.

ராயும் ஓவியர், காட்சிகளைத் தாமே வரைந்து வைப்பவர். அப்படிப்பட்டவரிடம் இத்தனை படங்கள் வேலை செய்வது லேசில்லை.

எழுபதுகளில் பன்சி பம்பாய்க்குப் போனார். அங்கிருந்தபடியே ராயின் 'சத்ரஞ்ச் கே கிலாடி'க்காக 1856ஆம் ஆண்டு லக்னோவை உண்டாக்கினார். 1981இல் நியூயார்க்குக்குப் போயிருந்த இடத்தில் காலமானார். அந்த ஆண்டு வெளிவந்த 'சக்ரா' பம்பாய்ச் சேரியில் நடக்கும் கதை. அதற்காக அவருக்குக் கிடைத்த ஃபிலிம்ஃபேர் விருது அவர் இறந்த மறு வருஷம்தான் வந்தது.