பாசறையின் இரவும் நாட்டின் வாய்ப்பூட்டும்

அவையோர்களே,

சோவியத் ராணுவத்திலும் அதன் வழிவந்த ரஷ்ய ராணுவத்திலும் மூத்த சிப்பாய்கள் இளையவர்களை அடித்தும் அவமானப்படுத்தியும் ஆண்ட வழக்கத்துக்கு 'தெதோவ்ஷினா' என்று பெயர். அதை வெறும் ஒழுங்கீனம் என்று சொல்லிக் கடந்துபோவதை நான் ஏற்க மாட்டேன். அது அதிகாரிகளுக்குத் தெரியாமல் நடந்ததன்று. இரவில் பாசறையை அடக்கிவைக்கும் வேலையை மூத்தவர்களிடமே விட்டுவிட்டுப் போன அதிகாரிகள் பலர்.

1967ஆம் ஆண்டுச் சட்டம் தரைப்படையின் கட்டாயச் சேவையை மூன்று ஆண்டுகளிலிருந்து இரண்டாகக் குறைத்து, ஆண்டுக்கு இருமுறை ஆள் சேர்க்க வழிசெய்தது. அதனால் அரையாண்டு இடைவெளியில் வந்த நான்கு அணிகள் ஒரே கூடத்தில் படுத்துறங்கின; எந்த அணி என்பதே ஒருவனுடைய அந்தஸ்தாயிற்று. சட்டைக் கழுத்தின் உட்புறம் தைக்கும் வெள்ளைத் துணிப்பட்டையை, புதியவன் தனக்குத் தைத்துக்கொள்வதோடு மூத்தவனுக்கும் தைத்துக் கொடுப்பான். வீட்டிலிருந்து வந்த பொட்டலத்தை அவனிடமே ஒப்படைப்பான். மறுத்தால் அடி. புகார் செய்தால் காட்டிக்கொடுத்தவன் என்ற பெயரும் சேர்ந்து வரும். முதல் ஆண்டு அடிபட்டவனே மறு ஆண்டு கை ஓங்குகிறான் என்பதுதான் என்னை மிகவும் வதைக்கிறது: தனக்கு நேர்ந்தது அநீதி என்று சொல்ல இடமில்லாதவனுக்கு, தன் முறை வரும்வரை காத்திருப்பது ஒன்றே நியாயமாகத் தோன்றிவிடுகிறது.

இந்த மௌனத்தை உடைத்தவர்கள் தாய்மார்கள். கெடுபிடி சற்றே தளர்ந்த 1989இல் சிப்பாய்களின் தாய்மார் குழு உருவானது. 2006 புத்தாண்டு பிறந்த இரவில், செல்யாபின்ஸ்க் டாங்கிப் பயிற்சிக் கழகத்தில் ஓர் இளம் சிப்பாய் மணிக்கணக்கில் குந்தவைத்து வதைக்கப்பட்டு, இரண்டு கால்களையும் இழந்தான். செய்தி வெளிவந்தபோது, அன்றைய பாதுகாப்பு அமைச்சர் செர்கேய் இவானோவ் பெரிதாக ஒன்றுமில்லை என்ற பொருளில்தான் முதலில் பேசினார். தாய்மார்களும் பத்திரிகைகளும் விடவில்லை. முதன்மைக் குற்றவாளிக்கு நான்காண்டுச் சிறை கிடைத்தது. 2008இல் கட்டாயச் சேவை ஓராண்டாகக் குறைந்தது.

பிறகு அந்த வாய்களும் அடைக்கப்பட்டன. படையினரின் மனநிலை, படைக்குள் நடக்கும் குற்றங்கள் போன்றவை பற்றித் தகவல் திரட்டுவோரை 'அந்நிய முகவர்' என அறிவிக்க இடந்தரும் பட்டியலை 2021இல் ரஷ்ய உள்நாட்டுப் பாதுகாப்பு உளவு அமைப்பான எஃப்எஸ்பி வெளியிட்டது. சிப்பாய்களுக்கு உதவும் பணியை நிறுத்திக்கொள்வதாகப் பீட்டர்ஸ்பர்க் தாய்மார் அமைப்பு அறிவித்தது. 2022 மார்ச்சில், ராணுவத்தைப் பற்றிப் 'பொய்ச்செய்தி' பரப்பினால் 15 ஆண்டுகள் வரை சிறை என்று சட்டம் வந்தது. எது பொய் என்று தீர்மானிப்பதும் அதே அரசுதான். அடிபட்ட மகனுக்காக வாய் திறக்கும் தாய், இன்று தன்னையும் சேர்த்தே பணயம் வைக்க வேண்டியிருக்கிறது.