சொந்த ஊரைப் பார்த்து அனுப்பலாமா?

வணக்கம் நேயர்களே. அரசு வேலையில் இருப்பவர் வீட்டுக்கு மாறுதல் உத்தரவு வந்தால் என்ன பாடு என்று உங்களுக்குத் தெரியும். பிள்ளைகள் படிப்பு, வீட்டு அட்வான்ஸ், வயதான அம்மாவுக்கு வைத்தியம் என்று அன்று ராத்திரி யாரும் தூங்க மாட்டார்கள். ஆனாலும் மாறுதல் என்றால் சில வருடத்தில் திரும்பிவிடலாம். மாநிலமே இரண்டாகி, ‘நீங்கள் அந்தப் பக்கம்’ என்று எழுதிவிட்டால்? பதவி உயர்வு, பென்ஷன் எல்லாம் அந்த அரசின் கைக்குப் போய்விடும்.

2014 ஜூன் 2 அன்று ஆந்திரம் பிரிந்து தெலங்கானா பிறந்தது. மாவட்ட, மண்டலப் பணியிடங்களில் இருந்தவர்களுக்குச் சிக்கல் குறைவு. அந்த மண்டலம் எந்த மாநிலத்தில் விழுந்ததோ, அங்கேயே இருந்துவிட்டார்கள். மாநிலம் முழுமைக்குமான பதவிகளில், பெரும்பாலும் ஹைதராபாத்தில் இருந்தவர்கள்பாடுதான் திண்டாட்டம். அவர்களைப் பிரிக்கக் கமலநாதன் குழு அமைந்தது. விருப்பம் கேட்டார்கள், பணிமூப்பு பார்த்தார்கள்.

மின்வாரியத்தின் கதையைக் கொஞ்சம் நிறுத்திச் சொல்கிறேன். நான் பணியாளர் வழக்குகளோடே காலம் தள்ளியவன். எங்கே பேசக் கூப்பிட்டாலும் இதைச் சொல்லாமல் விடுவதில்லை. 2015 ஜூனில் தெலங்கானா மின் நிறுவனங்கள் ஏறக்குறைய 1,150 பேரை விடுவித்தன. காரணம், அவர்கள் பிறப்பால் ஆந்திரப் பகுதிக்காரர்கள். ஆந்திர நிறுவனங்களோ, ‘எங்களைக் கேட்காமல் அனுப்பினால் எப்படி?’ என்று சேர்த்துக்கொள்ள மறுத்தன. யோசித்துப் பாருங்கள். பணிப்பதிவேட்டின் முதல் பக்கத்தில் சொந்த ஊர் என்று ஒரு வரி. வேலைக்குச் சேர்ந்த அன்று எழுதியது. அப்புறம் யாரும் திரும்பிப் பார்க்காத வரி. அதை வைத்து ஒருவரை வெளியே நிறுத்தினார்கள். சம்பளத்தை எந்த அரசு தருவது என்பதற்கே கோர்ட்டுக்குப் போக வேண்டியதாயிற்று. சொந்த ஊரை வைத்துப் பிரித்தது செல்லாது என்றது உயர் நீதிமன்றம். வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. அங்கே 2018இல் ஓய்வுபெற்ற நீதிபதி தர்மாதிகாரியிடம் பொறுப்பைக் கொடுத்தார்கள். அவர் செய்த பிரிவினையை நீதிமன்றம் 2020 டிசம்பரில் உறுதி செய்தது. ஐந்தரை வருடம், ஐயா! அதற்குள் எத்தனை பேர் ஓய்வு வயதை எட்டியிருப்பார்கள்.

அதற்காக, கோர்ட்டுக்குப் போனால் கேட்ட மாநிலம் கிடைக்கும் என்று நினைத்துவிடாதீர்கள். யாரை எங்கே அனுப்புவது என்பது அரசின் வேலை. வகுத்த விதி எல்லோருக்கும் ஒன்றாக இருந்ததா என்பதைத்தான் நீதிமன்றம் பார்க்கும். ஐஏஎஸ் அதிகாரி சோமேஷ் குமார் ஆந்திரத்துக்கு ஒதுக்கப்பட்டவர். 2016இல், அரசுப் பணியாளர் வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் அவருக்குச் சாதகமாகச் சொன்னதால் தெலங்கானாவில் நீடித்து, தலைமைச் செயலாளராகவே ஆனார். 2023 ஜனவரி 10 அன்று தெலங்கானா உயர் நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. மூன்று வருடம் ஒரு மாநிலத்தின் தலைமைச் செயலகத்தை நடத்தியவர், பக்கத்து மாநிலத்துக்குக் கிளம்ப வேண்டியதாயிற்று. இதில் எனக்கு வருத்தமில்லை. கடைநிலை ஊழியருக்கு உள்ள விதிதானே அவருக்கும்? விதி சரிதான். ஆனால் அதைச் சொல்ல ஏழு வருடம் எடுத்துக்கொண்டதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

1956இல் திருவிதாங்கூர்–கொச்சியிலிருந்து செங்கோட்டையும் கன்னியாகுமரியும் நம் பக்கம் வந்தபோது ஊழியர்களை எப்படிச் சேர்த்தார்கள் என்று விரிவாகச் சொல்ல நினைத்திருந்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம், நேரமாகிவிட்டது என்று கையைக் காட்டிவிட்டார்கள். சரி, ஜார்க்கண்டை மட்டும் சொல்லிவிடுகிறேன். பிகாரிலிருந்து பிரிந்தபோது அந்த மாநிலத்துக்கு வந்த பட்டியல் சாதி ஆசிரியர் ஒருவர், குடிமைப் பணித் தேர்வில் தேறினார். ‘நீ பிகார்க்காரன், இங்கே இடஒதுக்கீடு இல்லை’ என்றார்கள். இரண்டு மாநிலத்தில் ஏதாவது ஒன்றில் கேட்கலாம், இரண்டிலும் ஒரே நேரத்தில் கேட்கக் கூடாது என்று 2021 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வேலையும் கொடுக்கச் சொன்னது. நன்றி, வணக்கம்.