பூங்கா பெஞ்சில் ஒரு ஹுல்டா

நேயர்களுக்கு வணக்கம்.

தியேட்டரில் டைட்டில் ஓடும்போது நாம் இருட்டில் சீட்டு நம்பரைத் தேடிக்கொண்டிருப்போம். கதை யாருடையது என்கிற வரி அந்த நேரத்தில்தான் வந்து போகும். எனக்கு அந்த ஒரு வரியின்மேல் நெடுநாளாகவே கண்.

1947இல் ஒரு ஹாலிவுட் படம் வந்தது. 'விவசாயியின் மகள்' என்று பெயர். அதில் வேலைக்காரப் பெண்ணாக நடித்த லொரெட்டா யங்குக்குச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் கிடைத்தது. யுஹானி தெர்வபா எழுதிய நாடகத்திலிருந்து எடுத்த கதை என்று டைட்டிலில் வரும். யுஹானி என்பது ஆண் பெயர். அப்படி ஓர் ஆள் இல்லவே இல்லை. எழுதியவர் ஒரு பெண், ஃபின்லாந்தின் ஹெல்லா வுவோலியோக்கி. ஹெல்லா என்றே சொல்கிறேன், கேட்க எளிதாக இருக்கும்.

ஹெல்லா பிறந்தது 1886இல், எஸ்டோனியாவில். அப்போது அது ரஷ்யப் பேரரசின் கீழ் இருந்தது. 1904இல் படிப்பதற்காக ஹெல்சிங்கி வந்தார். எஸ்டோனிய மொழியும் ஃபின்னிய மொழியும் அக்கா தங்கை மாதிரி. வந்த ஊரின் மொழியிலேயே எழுத்தாளரானார். மர வியாபாரம் செய்தார், பண்ணை வைத்திருந்தார், வெளிப்படையான இடதுசாரி. அந்தப் பெயரோடு நாடகம் போட முடியாது என்ற நிலையில்தான் 1936இல் ஆண் பெயரில் 'நிஸ்கவுவோரியின் பெண்கள்' மேடையேறியது. ஒரு பெரிய பண்ணை வீடு, அதை ஆளும் கிழவி, வீட்டுக்கு அடங்காத காதல். நிஸ்கவுவோரி நாடகங்கள் ஐந்து ஆயின. 1938இல் தொடங்கி 1984 வரை அவை படமாகிக்கொண்டே இருந்தன.

ஆனால் என் மனசு ஹுல்டாவிடம்தான் நிற்கிறது. அந்த ஹாலிவுட் படத்துக்கு மூலமான ஹெல்லாவின் நாடகத்தில் வரும் நாயகி அவள். கிராமத்துப் பெண். வேலை தேடி ஹெல்சிங்கி வருகிறாள். போக இடமில்லை. பூங்கா பெஞ்சில் உட்கார்ந்திருப்பவளைப் பார்லிமென்ட் உறுப்பினர்கள் சிலர் பார்க்கிறார்கள். அவர்களில் ஒரு நீதிபதியின் வீட்டில் வேலை கிடைக்கிறது. பகலில் வீட்டு வேலை, மற்ற நேரத்தில் படிப்பு. கடைசியில் அந்த வீட்டு மேஜையைச் சுற்றி உட்கார்ந்து அரசியல் பேசுகிறவர்களுக்குச் சமமாக நின்று பேசுகிறாள்.

இதைக் கனவுக்கதை என்று தள்ளிவிடாதீர்கள். ஐரோப்பாவில் பெண்களுக்கு ஓட்டுரிமை கொடுத்த முதல் நாடு ஃபின்லாந்து, 1906இல். அடுத்த வருஷத் தேர்தலில் 19 பெண்கள் பார்லிமென்டுக்குள் போனார்கள். அவர்களில் ஒருவர் மீனா சில்லன்பா. பன்னிரண்டு வயதில் தொழிற்சாலைக்குப் போனவர், பிறகு வீட்டு வேலை செய்தவர், 1926இல் மந்திரியானவர். மறுபடியும் சொல்கிறேன், வீட்டு வேலை செய்தவர் மந்திரியானார். 1937இல் ஹுல்டா மேடைக்கு வந்து, அதே வருஷம் வாலன்டின் வாலாவின் இயக்கத்தில் படமாகவும் வந்தபோது, பார்த்தவர்களுக்கு அவள் அடுத்த தெருப் பெண்ணாகத் தெரிந்திருப்பாள்.

ஹாலிவுட்டுக்குப் போனதும் ஹுல்டா கேட்டி ஆனாள். மினசோட்டாவில் குடியேறிய ஸ்வீடன் வம்சத்துக் குடும்பத்தின் மகள். ஃபின்லாந்து உதிர்ந்துவிட்டது. எழுதியவரின் சொந்தப் பெயர் அதற்கு முன்பே இல்லை. ஆனாலும் எஜமானர்களுக்கு எதிரே நின்று பதில் சொல்லும் அந்த வேலைக்காரியை யாராலும் எடுக்க முடியவில்லை. அவள்தான் ஆஸ்கர் வாங்கினாள் என்பேன்.

இன்னொரு கதைக்கும் இதே கதிதான். 1940 கோடையில், ஹிட்லருக்குத் தப்பி வந்த ஜெர்மானிய நாடகாசிரியர் பிரெக்ட் குடும்பத்தோடு ஹெல்லாவின் பண்ணையில் தங்கினார். மார்லெபேக் என்று பண்ணைக்குப் பெயர். ஹெல்லா கதை சொல்வதில் கெட்டிக்காரர். அவர் சொன்ன கதைகளில் ஒன்று, குடித்தால் எல்லோரையும் கட்டித் தழுவி, தெளிந்ததும் வேலையாட்களை வதைக்கும் ஒரு பண்ணையாரைப் பற்றியது. அந்தக் கதையும் ஹெல்லா எழுதி வைத்திருந்த ஒரு நாடகமும் சேர்ந்துதான் 'திரு. புன்டிலாவும் அவர் வேலையாள் மாட்டியும்' ஆயின. உலகம் அதைப் பிரெக்ட் நாடகம் என்கிறது. பிரெக்ட் பெரிய கலைஞர், சந்தேகமில்லை. ஆனால் புன்டிலா பிறந்த வீடு ஹெல்லாவின் வீடு. நாடகக்காரர்களைச் சந்திக்கும்போதெல்லாம் இதைச் சொல்லிக்கொண்டே இருக்கிறேன்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து இரண்டு விரல் காட்டுகிறார்கள். இரண்டு நிமிஷம். நான் முக்கியமாகப் பேச நினைத்ததே இனிமேல்தான்.

போர்க்காலத்தில், 1943இல், பாரசூட்டில் இறங்கிய சோவியத் உளவாளிப் பெண்ணுக்கு இடம் கொடுத்ததற்காக ஹெல்லாவுக்கு ஆயுள் தண்டனை. 1944இல் போர்நிறுத்தம் வந்ததும் விடுதலை. அடுத்த வருஷமே ஃபின்லாந்து வானொலியின் தலைமைப் பொறுப்பு! கட்சிக்காரர்களை ஒலிவாங்கி முன் உட்காரவைத்து வாதாட வைத்தார்; 'குட்டிப் பார்லிமென்ட்' என்று அந்த நிகழ்ச்சிக்குப் பெயர். ஒரு தொழிலாளியின் குடும்பத்தைப் பற்றிய தொடர் நாடகத்தை அவரே எழுதினார். லொரெட்டா யங் மேடையேறி ஆஸ்கர் வாங்கியது 1948 மார்ச்சில். அந்தச் சமயத்தில் ஹெல்லா ஹெல்சிங்கியில் வானொலி நிலையத்தை நடத்திக்கொண்டிருந்தார். 1949இல் அந்தப் பதவி போயிற்று. 1954இல் காலமானார்.

தொடர் நாடகத்தைப் பற்றி விரிவாகச் சொல்ல ஆசை. விளக்கு எரிந்துவிட்டது. ஹுல்டாவை எங்காவது பார்த்தால் டைட்டில் முடியும்வரை கண்ணை எடுக்காதீர்கள். வணக்கம்.