சயாம் மன்னரும் ஒல்லாந்துத் தூதரும்

நேயர்களுக்கு வணக்கம்.

சயாம், அதாவது இன்றைய தாய்லாந்து, மன்னரிடம் ஒல்லாந்துத் (நெதர்லாந்து) தூதர் ஒருவர் தம் நாட்டுச் சங்கதிகளைச் சொல்லி வந்தார். எங்கள் ஊரில் குளிர் கடுமையானால் தண்ணீர் இறுகிவிடும், அதன்மேல் ஆட்கள் நடப்பார்கள், யானை இருந்தால் அதையும் தாங்கும் என்றார். மன்னர் சொன்னாராம்: உம்மை நேர்மையானவர் என்று எண்ணி இதுவரை சொன்னதையெல்லாம் நம்பினேன், இப்போது நீர் பொய் சொல்கிறீர் என்பது உறுதி.

இந்தக் கதை ஆங்கிலேயத் தத்துவ அறிஞர் ஜான் லாக்கின் பெருநூலில் வருகிறது. மனித அறிவை ஆராயும் அந்த நூல் 1689 டிசம்பரில் வெளிவந்தது. பிரெஞ்சுத் தத்துவ அறிஞர் தேக்கார்த் 1641-இல் ஐயத்துக்கு இடமுள்ள எல்லாவற்றையும் ஒதுக்கிவிட்டு அறிவுக்கு அசையாத அடித்தளம் தேடினார். லாக்கின் அக்கறை வேறு. முக்கோணத்தின் மூன்று கோணங்கள் சேர்ந்து இரண்டு செங்கோணம் ஆகும் என்பதுபோல ஐயமின்றி அறியக்கூடியவை மிகக் கொஞ்சம் என்கிறார். சாப்பாடு உடம்புக்கு ஒத்துக்கொள்ளும் என்று நிரூபணம் கிடைத்தபிறகுதான் சாப்பிடுவேன் என்பவர் உட்கார்ந்தபடியே அழிந்துபோவார். மற்ற எல்லாவற்றிலும் நமக்கு வாய்த்தது, எது எவ்வளவு நம்பத்தக்கது என்று எடைபோடும் திறன்தான்.

எப்படி எடைபோடுவது? நம் சொந்த அனுபவத்தோடு ஒத்துப்போகிறதா என்று பார்க்கலாம். அல்லது பிறர் சாட்சியைப் பார்க்கலாம்: சொல்பவர்கள் எத்தனை பேர், நேர்மையானவர்களா, விஷயம் தெரிந்தவர்களா, பேச்சு முன்னுக்குப்பின் முரணாகிறதா, மறுப்பவர்கள் உண்டா. சயாம் மன்னரிடம் இந்த இரண்டும் மோதிக்கொண்டன. அனுபவம் முழுவதும் ஒரு பக்கம், நல்ல மனிதர் ஒருவரின் சொல் மறுபக்கம்.

பின்னாளில் ஸ்காட்லாந்துத் தத்துவ அறிஞர் டேவிட் ஹியூம் இதேபோன்ற கதையில் ஓர் இந்திய இளவரசரைக் கொண்டுவந்து, உறைபனியை நம்ப மறுத்தது முறையே என்று தீர்ப்புச் சொன்னார். எனக்கு அதில் பாதி உடன்பாடு. உறைந்த நீரையே காணாதவர் தயங்கியதில் தவறில்லை. ஆனால் சயாம் மன்னர் தயக்கத்தோடு நில்லாமல் 'பொய் என்பது உறுதி' என்றாரே, அதற்கு அவரிடம் ஆதாரம் ஏது? இன்னொரு ஒல்லாந்துக்காரரைக் கூப்பிட்டுத் தனியே விசாரித்திருக்கலாம்.

லாக் இன்னொன்றும் கவனித்தார்; நூலில் என்னை அதிகம் கவர்ந்த இடம் அது. அன்றைய இங்கிலாந்துச் சட்டத்தில் ஆவணத்தின் சான்றிட்ட நகல் செல்லுபடியானது. நகலின் நகல் செல்லுபடியாகவில்லை. வாய்வழிச் செய்தியும் கைமாறக் கைமாற வலுவிழக்க வேண்டும். நடப்பதோ தலைகீழ் என்று வருந்துகிறார். ஆயிரம் ஆண்டுக்கு முன் ஒருவர் ஒன்றைச் சொன்னபோது அருகிலிருந்த அறிவாளிகூட நம்பியிருக்கமாட்டார். ஒருவர்பின் ஒருவராகத் திருப்பிச் சொன்னார்கள் என்பதாலேயே இன்று அது மறுக்கமுடியாத உண்மையாகிவிடுகிறது.