காணாமல் போன அந்த ஒரு ரூபாய்

அடுத்த கேள்வி கோவில்பட்டியிலிருந்து ஒரு பள்ளி மாணவி அனுப்பியது. படித்ததிலிருந்து இதைப் பற்றிப் பேச எனக்கு ஒரே பரபரப்பு.

மூன்று நண்பர்கள் ஓட்டலில் சாப்பிட்டுவிட்டு ஆளுக்கு 10 ரூபாய் போட்டு 30 ரூபாய் கொடுக்கிறார்கள். முதலாளி கணக்குப் பார்க்கிறார். 25 ரூபாய்தான் ஆகியிருக்கிறது. மீதி 5 ரூபாயைச் சர்வரிடம் கொடுத்தனுப்புகிறார். சர்வர் 2 ரூபாயைத் தன் பையில் போட்டுக்கொண்டு, ஆளுக்கு ஒரு ரூபாய் திருப்பித் தருகிறார். ஆக, ஒவ்வொருவரும் கொடுத்தது 9 ரூபாய், மூன்று பேருக்கும் சேர்த்து 27. சர்வரிடம் 2. கூட்டினால் 29. இன்னொரு ரூபாய் எங்கே?

"விடை எனக்குத் தெரியும் ஐயா. ஆனால் எங்கள் அப்பாவுக்கும் மாமாவுக்கும் புரியவைக்க முடியவில்லை, எப்படிச் சொல்வது?" என்று கேட்டிருக்கிறார். எவ்வளவு நல்ல கேள்வி!

முதலில் விடை. நண்பர்களின் கையை விட்டுப் போனது 27 ரூபாய். அதில் 25 கல்லாப்பெட்டியில், 2 சர்வர் பையில். அந்த 2 ஏற்கெனவே 27-க்குள்ளேயே இருக்கிறது. அதை மறுபடியும் கூட்டினால் வரும் எண்ணுக்கு எந்தப் பொருளும் கிடையாது. 27-இலிருந்து 2-ஐக் கழித்தால் 25, ஓட்டல் பில். 30 வரவேண்டுமானால், 27-உடன் திரும்பி வந்த 3 ரூபாயைக் கூட்ட வேண்டும். ஒரு காசுகூடக் காணாமல் போகவில்லை.

இவ்வளவு சொன்ன பிறகும் அப்பா, "சரிதான், ஆனாலும் அந்த ஒரு ரூபாய்..." என்று இழுப்பார். அப்போது தொகையை மாற்றிச் சொல்லிப் பாருங்கள். பில் வெறும் 10 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். முதலாளி 20 ரூபாய் திருப்பி அனுப்புகிறார். சர்வர் அதே 2 ரூபாயை எடுத்துக்கொண்டு, ஆளுக்கு 6 கொடுக்கிறார். ஒவ்வொருவரும் கொடுத்தது 4, மொத்தம் 12. சர்வரின் 2-ஐக் கூட்டினால் 14. இப்போது யாராவது "மீதி 16 ரூபாய் எங்கே?" என்று கேட்பார்களா? கேட்கமாட்டார்கள். ஏன் இரண்டையும் கூட்டினாய் என்றுதான் கேட்பார்கள். 29 என்பது 30-க்குப் பக்கத்தில் நிற்கிறது, அவ்வளவுதான். அந்த நெருக்கம்தான் நம்மை மயக்குகிறது.

இதைத்தான் நான் திரும்பத் திரும்பச் சொல்லி வருகிறேன். புதிரில் விடையைத் தேடாதீர்கள், கதை உங்களை எந்த இடத்தில் திருப்பிவிட்டது என்று தேடுங்கள். 17 ஒட்டகங்களைப் பற்றி முன்பு பேசினோம் அல்லவா? பாதி, மூன்றில் ஒன்று, ஒன்பதில் ஒன்று என்று ஓர் அப்பா மூன்று மகன்களுக்குப் பங்கு சொல்லிவிட்டுப் போக, 17 அப்படிப் பிரியாததால் ஓர் ஒட்டகத்தைக் கடன் வாங்கி 18 ஆக்கி, 9, 6, 2 என்று பிரித்துவிட்டு, மிஞ்சிய ஒன்றைத் திருப்பிக் கொடுத்த கதை. அந்த மூன்று பங்குகளைக் கூட்டினாலே முழுசு வராது, பதினெட்டில் பதினேழுதான். நாம் அதைப் பார்க்காமல் கடன் வாங்கிய ஒட்டகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். சிறுவர்கள் கேட்கும் பஸ் புதிரும் அதே ரகம். "நீ பஸ் ஓட்டுகிறாய். முதல் நிறுத்தத்தில் 12 பேர் ஏறினார்கள், அடுத்ததில் 5 பேர் இறங்கினார்கள், 8 பேர் ஏறினார்கள்..." என்று அடுக்கிக்கொண்டே போய், கடைசியில் "டிரைவர் பெயர் என்ன?" என்பார்கள். தலைகளை எண்ணிக்கொண்டிருந்தவர் திருதிருவென்று விழிப்பார். டிரைவர் அவரேதான்!

நம் விடுகதைகளின் அழகு வேறு. தொல்காப்பியம் செய்யுளியலில் இதைப் 'பிசி' என்று சொல்லி, இரண்டு வகையாகப் பிரிக்கிறது. ஒன்று, உவமையோடு வருவது. மற்றொன்று, தோன்றுவதை அப்படியே சொல்வது. பழைய உரையில் ஓர் எடுத்துக்காட்டு வரும்: "பிறை கவ்வி மலை நடக்கும்." யானை! தந்தம் பிறையாகிவிட்டது, உடல் மலையாகிவிட்டது. இதைச் சொல்லும்போதெல்லாம் எனக்கு மெய்சிலிர்க்கிறது. இங்கே உங்களை வேறு பக்கம் யாரும் திருப்பவில்லை. யானையைப் புதிதாகப் பார்க்கச் சொல்கிறார்கள். "ஆயிரம் தச்சர் கூடி அழகாய்க் கட்டிய மண்டபம், ஒருவன் கண்பட்டு உடைந்ததாம்" என்று பாட்டிமார்கள் தேன்கூட்டைச் சொல்வார்களே, அதுவும் அப்படித்தான்.

ஆகவே, மாணவிக்கு நான் சொல்வது இது: அப்பாவிடமும் மாமாவிடமும் விடையைச் சொல்லாதே அம்மா. சில்லறையை மேசையில் வைத்து, மூன்று பேராக உட்கார்ந்து அந்தக் கதையை நடித்துப் பாருங்கள். மாமா சர்வராக இருக்கட்டும். ஒவ்வொரு நாணயமும் இப்போது யாரிடம் இருக்கிறது என்று மட்டும் கேள். "இரண்டையும் கூட்டச் சொன்னது யார்?" என்று அப்பா தாமாகவே கேட்கும்வரை பொறுமையாக இரு.

மற்றவர்களுக்கு ஒன்று. 30 அடிக் கிணற்றின் அடியில் ஒரு தவளை. பகலில் 3 அடி ஏறும், இரவில் 2 அடி சறுக்கும். எத்தனையாவது நாளில் வெளியே வரும்? 30 என்று எழுதுபவர்கள் இன்னொரு முறை யோசித்துவிட்டு எழுதுங்கள்.